அவங்க இடத்துல நம்மை வைத்துப் பார்த்தால் போதுமா? பிறர் கதையைச் சொல்வதில் பரிவின் பலமும் எல்லையும்

ஒரு வீட்டில் சாவு விழுந்திருக்கிறது. இன்னும் பந்தல்கூடப் போடவில்லை. அதற்குள் வாசலில் நான்கைந்து மைக்குகள். "இப்ப உங்க மனநிலை எப்படிம்மா இருக்கு?" என்று கேட்கிறார் ஒருவர். அந்த அம்மா பதில் சொல்லவில்லை, அழுகிறார். சாயங்காலத்துக்குள் அந்த அழுகை முப்பது நொடி வீடியோவாக நம் கைபேசிக்கு வந்துவிடுகிறது, பின்னணியில் சோக இசையோடு. பார்க்கிற நமக்கும் கண் கலங்குகிறது. நாலு பேருக்கு அனுப்புகிறோம்.

இதில் யாரும் கெட்டவர்கள் இல்லை. மைக் நீட்டியவருக்கும் வருத்தம் இருந்திருக்கும். பார்த்த நமக்கு வந்த கண்ணீரும் நிஜம்தான். ஆனால், ஒரு மணி நேரம் கழித்து யாராவது கேட்டால் நம்மால் பதில் சொல்ல முடியுமா? அந்த அம்மாவின் பெயர் என்ன? இறந்தவர் எப்படி இறந்தார்? யார் மீது புகார்? அவர் கேட்பது நிவாரணமா, நீதியா, இல்லை, கொஞ்ச நேரம் தனியாக விடச் சொல்கிறாரா?

பிறருடைய துயரத்தைச் சொல்லும்போது 'மனசு இருந்தால் போதும்' என்று பொதுவாக நம்புகிறோம். மனசு அவசியம்தான். அது எதுவரை நம்மைக் கொண்டுபோகும், எங்கே கைவிடும் என்பதுதான் கேள்வி. அமெரிக்காவின் ஒரு புகைப்படமும், தமிழ்நாட்டின் ஒரு கிராமமும் இதற்குப் பதில் வைத்திருக்கின்றன.

ஒத்துணர்வு என்றால் என்ன?

இரக்கம் என்பது அடுத்தவர் துன்பத்தைப் பார்த்து வருந்துவது. ஒத்துணர்வு அதைவிட ஒரு படி உள்ளே போவது. அவர் இடத்தில் நம்மை வைத்து, அவருக்கு எப்படி இருக்கும் என்று உணர்ந்து பார்ப்பது. ஆங்கிலத்தில் 'எம்பதி' என்பார்கள்.

அந்த ஆங்கிலச் சொல்லுக்கு வயது அதிகமில்லை. 1873-ல் ஜெர்மானிய அறிஞர் ராபர்ட் ஃபிஷர், 'உள்ளே நுழைந்து உணர்தல்' என்ற பொருளில் ஒரு ஜெர்மன் சொல்லைப் பயன்படுத்தினார். 1909-ல் உளவியலாளர் எட்வர்ட் டிட்சனர் அதை 'எம்பதி' என்று ஆங்கிலமாக்கினார். ஃபிஷர் பேசியது மனிதர்களைப் பற்றி அல்ல, கலைப்பொருட்களைப் பார்க்கும்போது ஏற்படும் உணர்வைப் பற்றி. ஒரு சிற்பத்தைப் பார்க்கிறவர் தன் உணர்வை அதற்குள் செலுத்துகிறார் என்பது அவர் சொன்ன கருத்து.

சிற்பத்தைப் பொறுத்தவரை அதில் சிக்கல் இல்லை. நாம் எதை நினைத்தாலும், "நான் அப்படி நினைக்கவே இல்லையே" என்று அது மறுக்கப்போவதில்லை. மனிதர்கள் மறுப்பார்கள். அவர் இடத்தில் நம்மை வைத்துப் பார்க்கும்போது அங்கே போய் உட்காருவது நாம்தானே? நம் பயம், நம் ஆசை, நம் வீட்டுப் பழக்கம் எல்லாம் நம்மோடு சேர்ந்து உட்கார்ந்துவிடும்.

தமிழில் இதற்கு ஒரு பழைய சொல் இருக்கிறது: கண்ணோட்டம். இன்று இந்தச் சொல்லைப் 'பார்க்கும் கோணம்' என்ற பொருளில் பயன்படுத்துகிறோம். திருக்குறளில் இது பரிவைக் குறிக்கும் சொல். 58-ஆம் அதிகாரத்தின் பெயரே அதுதான். பொருட்பாலில், ஆட்சி செய்பவருக்குச் சொல்லும் பகுதியில் அது இருக்கிறது. அதற்கு அடுத்த அதிகாரம் எது தெரியுமா? ஒற்றாடல். ஓர் ஒற்றர் கொண்டுவந்த செய்தியை இன்னோர் ஒற்றரைக் கொண்டு சரிபார்க்கச் சொல்வது அந்த அதிகாரம்தான். முதலில் பரிவு, அடுத்து சரிபார்ப்பு. பிறர் கதையைச் சொல்கிறவர்களுக்கும் இந்த வரிசை பொருந்தும்.

பத்து நிமிடத்தில் எடுத்த படம்

1936-ஆம் ஆண்டு. அமெரிக்காவில் பெரும் பொருளாதார வீழ்ச்சிக் காலம். கிராமப்புற வறுமையைப் பதிவு செய்ய அரசு அமைப்பு ஒன்று புகைப்படக் கலைஞர்களை வேலைக்கு வைத்திருந்தது. அவர்களில் ஒருவர் டோரதியா லாங்கே. கலிஃபோர்னியாவில் வேலையை முடித்துக்கொண்டு காரில் வீடு திரும்பும் வழியில், நிப்போமோ என்ற ஊருக்கு அருகே பட்டாணி பறிக்கும் தொழிலாளர்களின் முகாமுக்கு வழிகாட்டும் பலகை கண்ணில் பட்டது. நிற்காமல் போய்விட்டார். சுமார் 20 மைல் போன பிறகு மனசு கேட்காமல் வண்டியைத் திருப்பினார்.

அங்கே, மழைக்கு ஒதுங்கிய கூடாரத்தில் 32 வயதுப் பெண் ஒருவர் குழந்தைகளோடு உட்கார்ந்திருந்தார். லாங்கே பத்து நிமிடத்தில் சில படங்களை எடுத்துக்கொண்டு கிளம்பினார். அவற்றில் ஒன்றுதான் 'புலம்பெயர்ந்த தாய்' என்று உலகம் முழுக்க அறியப்பட்ட படம். முகத்தைத் திருப்பிக்கொண்டு அம்மாவின் தோளில் சாய்ந்திருக்கும் இரண்டு குழந்தைகள், மடியில் ஒரு கைக்குழந்தை, கன்னத்தில் கைவைத்துத் தூரத்தைப் பார்க்கும் தாய்.

அந்தப் படங்கள் சான்ஃபிரான்சிஸ்கோ நாளிதழில் வெளியாயின. பட்டாணிப் பயிர் உறைபனியில் அழிந்து, வேலை இல்லாமல் தொழிலாளர்கள் பட்டினி கிடப்பது தெரியவந்தது. அரசு சுமார் 9,000 கிலோ உணவை அந்த முகாமுக்கு அனுப்பியது.

இதைச் சின்ன விஷயமாக ஒதுக்க முடியாது. ஒரு கலைஞருக்கு மனசு கேட்கவில்லை, வண்டியைத் திருப்பினார், பசித்தவர்களுக்குச் சாப்பாடு வந்தது. புள்ளிவிவர அறிக்கையாக மட்டும் போயிருந்தால் இவ்வளவு வேகமாக நடந்திருக்குமா என்பது சந்தேகம். பரிவு செய்யக்கூடிய வேலை இது. பார்க்காமல் கடந்துபோகிறவர்களை அது நிற்க வைக்கும்.

படத்தில் இருந்தவர் என்ன சொன்னார்?

லாங்கே அந்தப் பெண்ணின் பெயரைக் கேட்கவில்லை. அவருடைய பின்னணியையும் கேட்கவில்லை. இதைப் பல ஆண்டுகள் கழித்து லாங்கேயே ஒரு கட்டுரையில் எழுதினார். பெயர் இல்லாத அந்தப் பெண் 42 ஆண்டுகள் 'புலம்பெயர்ந்த தாய்' ஆகவே இருந்தார்.

1978-ல்தான் அவர் யார் என்பது வெளியே தெரிந்தது. பெயர் ஃப்ளோரன்ஸ் தாம்சன். வயது 75. கலிஃபோர்னியாவின் மொடெஸ்டோ நகரில் வசித்துவந்தார். அந்தப் படத்தை எடுக்காமலே இருந்திருக்கலாம் என்று அவர் சொன்னார். அதனால் தனக்கு ஒரு பைசாகூட வரவில்லை, தன் பெயரை யாரும் கேட்கவில்லை, படத்தின் பிரதி அனுப்புவதாகச் சொன்னவர் அனுப்பவே இல்லை என்பதெல்லாம் அவருடைய மனக்குறைகள்.

பணம் பற்றிய குறையில் லாங்கே மீது மட்டும் பழி போட முடியாது. அரசுச் சம்பளத்தில் எடுத்த படம் அது. உரிமைத்தொகை அவருக்கும் வரவில்லை. ஆனால், கதையிலேயே பிழைகள் இருந்தன. காரின் டயரை விற்றுத்தான் அந்தக் குடும்பம் சாப்பாடு வாங்கியது என்று லாங்கே எழுதினார். அப்படி எதுவும் நடக்கவில்லை என்றது குடும்பம். அவர்கள் அந்த முகாமில் தங்கியவர்களே இல்லை. வழியில் கார் பழுதாகி நின்றிருந்தார்கள், வீட்டு ஆண்கள் அதைச் சரிசெய்யப் போயிருந்தார்கள். அரசு அனுப்பிய உணவு வந்து சேர்வதற்கு முன்பே குடும்பம் அங்கிருந்து கிளம்பிவிட்டது. உலகத்தின் இரக்கத்தைச் சம்பாதித்தவருக்கு அந்தச் சாப்பாட்டில் ஒரு பிடியும் போகவில்லை.

இன்னொரு விஷயமும் விடுபட்டிருந்தது. பல ஆண்டுகளாக இந்தப் படத்தைப் பார்த்தவர்கள், வறட்சியால் ஊரைவிட்டு வந்த வெள்ளையின விவசாயக் குடும்பத்தின் சின்னமாகத்தான் அதைப் பார்த்தார்கள். தாம்சன் செரோக்கீ என்ற பூர்வகுடி இனத்தைச் சேர்ந்தவர். வறட்சி தொடங்குவதற்குப் பல ஆண்டுகள் முன்பே கலிஃபோர்னியாவுக்கு வந்துவிட்டவர். அன்றைக்கு அந்தப் பத்து நிமிடத்தில், "உங்க பேரு என்ன? எந்த ஊரு?" என்று இரண்டு கேள்வி கேட்டிருந்தால் கதையே வேறு மாதிரி ஆகியிருக்கும்.

கதை இதோடு முடியவில்லை. 1983-ல் தாம்சன் நோய்வாய்ப்பட்டார். சிகிச்சைக்குப் பணம் இல்லை. பிள்ளைகள் பொதுமக்களிடம் உதவி கேட்டார்கள். நாடு முழுவதிலிருந்தும் ஆயிரக்கணக்கான டாலர்கள் வந்தன, கூடவே குவியல் குவியலாகக் கடிதங்கள். அந்தப் படம் தங்களுக்கு எவ்வளவு பலம் தந்தது என்று முன்பின் தெரியாதவர்கள் எழுதியிருந்தார்கள். அதுவரை அந்தப் படத்தை அவமானமாகவே நினைத்துவந்த பிள்ளைகள், கடிதங்களைப் படித்த பிறகு முதல்முறையாகப் பெருமைப்பட்டதாகச் சொன்னார்கள். அந்த ஆண்டு செப்டம்பரில் தாம்சன் காலமானார். 1998-ல் அந்தப் படம் அமெரிக்க அஞ்சல்தலையாக வந்தது. அதே ஆண்டு அதன் பழைய பிரதி ஒன்று 2,44,500 டாலருக்கு ஏலம் போனது.

அப்படியானால் லாங்கே செய்தது சரியா, தப்பா? இரண்டும் அதே பத்து நிமிடத்துக்குள் இருக்கின்றன. வண்டியைத் திருப்ப வைத்தது பரிவு. பெயரைக் கேட்காமல் கிளம்ப விட்டதும் ஒருவகையில் அதே பரிவுதான். 'எனக்குப் புரிந்துவிட்டது' என்ற நிறைவை அது தந்துவிடும். புரிந்துவிட்டது என்று நினைக்கிறவர் அதற்குமேல் கேள்வி கேட்பதில்லை.

ஒருவருக்குக் கலங்கும் மனசு, லட்சம் பேருக்கு ஏன் கலங்குவதில்லை?

2007-ல் வெளியான ஓர் ஆய்வு இங்கே பொருந்தும். டெபோரா ஸ்மால், ஜார்ஜ் லோவன்ஸ்டைன், பால் ஸ்லோவிக் ஆகிய மூவர் அமெரிக்காவில் நடத்தியது. பங்கேற்றவர்களுக்கு ஒரு சிறு வேலைக்காக 5 டாலர் கொடுத்துவிட்டு, அதிலிருந்து ஆப்பிரிக்கப் பட்டினிக்கு நன்கொடை தர முடியுமா என்று கேட்டார்கள். ஒரு குழுவுக்கு மாலி நாட்டைச் சேர்ந்த ரோகியா என்ற ஏழு வயதுச் சிறுமியின் படமும் கதையும் மட்டும். இன்னொரு குழுவுக்கு, எத்தனை லட்சம் பேர் பட்டினியில் இருக்கிறார்கள் என்ற புள்ளிவிவரம் மட்டும். மூன்றாவது குழுவுக்கு இரண்டும்.

ரோகியாவின் கதையை மட்டும் படித்தவர்கள் சராசரியாக 2.38 டாலர் கொடுத்தார்கள். புள்ளிவிவரம் மட்டும் படித்தவர்கள் 1.14 டாலர். இரண்டையும் சேர்த்துப் படித்தவர்கள் அதிகம் கொடுத்திருக்க வேண்டுமல்லவா? அவர்கள் கொடுத்தது 1.43 டாலர். சிறுமியின் முகத்துக்குப் பக்கத்தில் எண்களை வைத்ததும் கை சுருங்கிவிட்டது.

இதனால்தான் செய்தியாளர்களும் தொண்டு நிறுவனங்களும் 'ஒரு முகம்' தேடுகிறார்கள். அதில் ஆபத்தும் இருக்கிறது. பரிவு டார்ச் லைட் மாதிரி. அடிக்கிற இடத்தில் மட்டும்தான் வெளிச்சம். யாருடைய முகம் அழகாக இருக்கிறதோ, யார் நம்மைப் போலவே பேசுகிறாரோ, யார் கேமரா முன் அழுகிறாரோ, அவர் பக்கமே அது திரும்பும். அழாமல் கோபப்படுகிற ஆளிடம் அது சட்டென்று அணைந்துவிடும். 'அமைதியாகக் கண்ணீர் வடிக்கும் தாய்' செய்தியாவதும், கலெக்டர் ஆபீஸ் வாசலில் கத்துகிற தாய் 'வாக்குவாதம் செய்தவர்' ஆவதும் இப்படித்தான்.

கீழ்வெண்மணி: நாம் யார் மனதுக்குள் நுழைந்தோம்?

இந்த டார்ச் லைட் எப்படித் திரும்பும் என்பதற்குத் தமிழ்நாட்டில் கீழ்வெண்மணியைவிடக் கனமான உதாரணம் இல்லை.

அன்றைய கீழத்தஞ்சையில், இன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்தில் உள்ள கிராமம் அது. நிலமில்லாத தலித் விவசாயத் தொழிலாளர்கள் செங்கொடிச் சங்கத்தில் சேர்ந்து கூலி உயர்வு கேட்டார்கள். 'அரைப்படி நெல்' என்று இன்றும் நினைவுகூரப்படும் கோரிக்கை. நில உடைமையாளர்கள் தங்களுக்கென்று நெல் உற்பத்தியாளர் சங்கம் வைத்திருந்தார்கள். செங்கொடியை இறக்கு என்பது அவர்கள் தரப்பின் நெருக்கடி. 1968 டிசம்பர் 25 இரவு தெரு தாக்கப்பட்டது. உயிர் பிழைக்க ராமய்யாவின் சின்னக் குடிசைக்குள் ஒளிந்தவர்களில் 44 பேர் தீயில் வெந்து இறந்தார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும்.

இந்தச் சம்பவத்தை முதலில் 'கதையாக' வரிசைப்படுத்திப் பார்த்தது நீதிமன்றம். கீழ் நீதிமன்றம் 1970-ல் நில உடைமையாளர் தரப்பில் எட்டுப் பேருக்குத் தண்டனை கொடுத்தது. 1973-ல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. அந்தத் தீர்ப்பில் ஒரு தர்க்கம் இன்றுவரை விவாதிக்கப்படுகிறது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் பெரிய நிலங்களுக்குச் சொந்தக்காரர்கள், அவர்களில் ஒருவர் கார் வைத்திருப்பவர். அப்படிப்பட்டவர்கள் வேலையாட்களைக்கூட அனுப்பாமல், நேரில் நடந்துபோய்த் தாங்களே குடிசைகளுக்குத் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்பது அதன் சாரம்.

சட்டத்தின் மொழியை ஒதுக்கிவிட்டுப் பாருங்கள். 'அவர் இடத்தில் நான் இருந்தால் இப்படிச் செய்வேனா?' என்ற கற்பனைதானே இது? அதுவும் ஒத்துணர்வுதான். அது போன திசைதான் கேள்வி. கார் வைத்திருப்பவரின் இடத்தில் நின்று பார்க்க முடிந்தது. குடிசைக்கு உள்ளேயிருந்து பார்க்க முடியவில்லை.

அடுத்து இலக்கியம். இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவல் 1970-களில் வெளிவந்து, 1977-ல் சாகித்ய அகாடமி விருது பெற்றது. கீழ்வெண்மணியைக் களமாகக் கொண்டு பரவலாகப் படிக்கப்பட்ட முதல் பெரிய நாவல் அது. பல வீடுகளுக்கு அந்தத் தீயின் சூடு அந்தப் புத்தகம் வழியாகத்தான் போனது. அந்தப் பெருமை அதற்கு உண்டு. ஆனால், நாவலில் வரும் நிலக்கிழாருக்கு ஆண்மைக் குறைபாடு. அந்தத் தாழ்வு மனப்பான்மையே அவரது வன்மத்துக்கு வேர் என்பது போலக் கதை போகும். இடதுசாரி விமர்சகர்கள் அப்போதே கேட்டார்கள்: கூலிக்கும் நிலத்துக்கும் சாதிக்கும் நடந்த சண்டையை ஒரு தனிமனிதனின் மனக்கோளாறாக மாற்றிவிட்டால், மற்ற மிராசுதார்கள் எல்லாம் ஏன் கூட வந்தார்கள்?

நாவல் என்பது ஆவணம் இல்லை. கொடுமை செய்கிறவனின் மனதுக்குள் நுழைந்து பார்ப்பதும் எழுத்தாளரின் வேலைதான். ஆனாலும் அந்த விமர்சனத்தில் ஒரு நியாயம் இருக்கிறது. தீ வைத்தவனுக்கு ஒரு முழு மனமும், மறைத்துவைத்த ஒரு ரகசியமும் கிடைத்தது. எரிந்துபோன 44 பேரில் ஒருவருக்காவது அவ்வளவு நுணுக்கமான மனம் கதையில் கிடைத்ததா? அவர்களும் சங்கத்தில் சேரலாமா வேண்டாமா என்று யோசித்திருப்பார்கள். சண்டை போட்டிருப்பார்கள், பயந்திருப்பார்கள், துணிந்திருப்பார்கள். வெறுமனே சாகப் பிறந்தவர்கள் இல்லையே!

அதன் பிறகு கதை சொன்னவர்கள் வேறு வழிகளில் போனார்கள். டெல்டா மண்ணைச் சேர்ந்த சோலை சுந்தரபெருமாள் 'செந்நெல்' நாவலில் அந்தப் பகுதியின் பேச்சு வழக்கையும் வயல் வேலையையும் கொண்டுவந்தார். 2005-ல் பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த 'ராமய்யாவின் குடிசை' ஆவணப்படத்தில் சம்பவத்தைப் பார்த்தவர்களே பேசினார்கள். 2014-ல் ஆங்கிலத்தில் நாவலாக எழுதிய மீனா கந்தசாமி, இந்தக் கதையை எப்படிச் சொல்வது என்ற சங்கடத்தையே நாவலுக்குள் கொண்டுவந்து, அடிக்கடி கதையை நிறுத்தி வாசகரிடம் பேசினார். ஒவ்வொரு முயற்சியும் முந்தையது விட்ட இடத்தைக் கொஞ்சம் நிரப்பியது. ஒருவரே முழுக் கதையையும் சொல்லிவிட முடியாது என்பதற்கும் இதுவே சாட்சி.

அப்படின்னா, அனுபவிச்சவங்க மட்டும்தான் எழுதணுமா?

நியாயமான கேள்வி. தமிழில் தலித் இலக்கியம் 1990-களில் எழுந்து வந்தபோது இந்த விவாதம் சூடாக நடந்தது. 1992-ல் வெளியான பாமாவின் 'கருக்கு' அதில் ஒரு திருப்புமுனை. தன் ஊர், தன் தெரு, தன் துறவற மட வாழ்க்கை எல்லாவற்றையும் தன் மக்களின் பேச்சு மொழியிலேயே எழுதினார். அதுவரை பரிவோடு 'அவர்களைப் பற்றி' எழுதப்பட்ட பக்கங்களில் இல்லாத ஒன்று அதில் இருந்தது: கேலி, கிண்டல், விளையாட்டு, சிரிப்பு. வெளியிலிருந்து வருகிறவரின் கண்ணுக்குத் துயரம் முதலில் படுகிறது. அங்கேயே வாழ்கிறவருக்குத்தான் அந்தத் துயரத்துக்கு நடுவே மனுஷங்க எப்படிச் சிரிக்கிறாங்க என்பது தெரியும்.

ஆனால், சொந்த அனுபவமும் எல்லாப் பிரச்சினையையும் தீர்த்துவிடாது. 'கருக்கு' வெளிவந்ததும் சொந்த ஊரிலேயே தனக்கு எதிர்ப்பு வந்ததைப் பாமா நேர்காணல்களில் சொல்லியிருக்கிறார். ஊர் விஷயத்தை இப்படி வெளியே சொல்லலாமா என்று சொந்த மக்களே கோபப்பட்டார்கள். யோசித்துப் பார்த்தால், 'என் கதை' என்று தனியாக எதுவும் கிடையாது. என் கதையில் என் அம்மா இருக்கிறார், அண்ணன் இருக்கிறார், பக்கத்து வீட்டு அக்கா இருக்கிறார். சொந்தக் கதை எழுதுகிறவரும் பிறர் கதையைச் சேர்த்தேதான் எழுதுகிறார்.

இன்னொரு பக்கமும் உண்டு. அனுபவித்தவர் மட்டுமே பேச வேண்டும் என்று கோடு போட்டால், பேச முடியாதவர்களின் கதி என்ன? அந்தக் குடிசைக்குள் இருந்த 44 பேரும் எழுத வரப்போவதில்லை. யாராவது சொல்லித்தான் ஆக வேண்டும். எனவே, 'யார் சொல்வது' என்பதோடு 'எப்படிச் சொல்வது' என்பதையும் கேட்க வேண்டியிருக்கிறது.

சொல்வதற்கு முன் கேட்க வேண்டியவை

செய்தியாளர், எழுத்தாளர், ஆவணப்பட இயக்குநர், ஏன், கையில் போன் வைத்திருக்கும் யாருக்கும் பொருந்தும் சில விஷயங்கள் இவை.

பெயர்: அவருடைய பெயர் என்ன, அதை வெளியிடலாமா, எந்தப் பெயரில் அறியப்பட விரும்புகிறார் என்று கேட்பது முதல் மரியாதை. சில இடங்களில் சட்டமே முடிவு செய்துவிடுகிறது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் அடையாளத்தை வெளியிடுவது பாரதிய நியாய சன்ஹிதாவின் 72-ஆம் பிரிவின்படி குற்றம். சிறார் நீதிச் சட்டத்தின் 74-ஆம் பிரிவும், போக்சோ சட்டத்தின் 23-ஆம் பிரிவும் குழந்தைகளின் அடையாளத்தைக் காக்கின்றன. நல்ல எண்ணத்தில் பகிர்ந்தேன் என்பது இதில் தப்பிக்கும் காரணம் ஆகாது.

சம்மதம்: சாவு வீட்டில், ஆஸ்பத்திரி வாசலில் ஒருவர் தலையாட்டுவது உண்மையான சம்மதம்தானா? அதிர்ச்சி கொஞ்சம் அடங்கியதும் திரும்பக் கேட்பது நல்லது. "வேண்டாம்" என்று சொல்லும் உரிமை அவருக்கு இருக்கிறது என்பதையும் நாமே சொல்ல வேண்டும். பேன்ட் சட்டை போட்டு கேமராவோடு வந்தவரிடம் மறுத்துப் பேசப் பலர் தயங்குவார்கள்.

கோரிக்கை: எப்படி அழுதார் என்று எழுதுவதற்கு முன்னால், என்ன கேட்கிறார் என்று எழுதுங்கள். அரைப்படி நெல்லா, பட்டாவா, பிரேதப் பரிசோதனை அறிக்கையா? கோரிக்கை இல்லாத கதையில் மனிதர் வெறும் பரிதாபப் பொருளாகிவிடுகிறார். கோரிக்கை வந்துவிட்டால் பதில் சொல்ல வேண்டியவர் ஒருவரும் கதைக்குள் வந்துவிடுவார்.

சரிபார்ப்பு: "டயரை வித்துட்டீங்களா?" என்று ஒரு தடவை கேட்டிருந்தால் அந்தப் பிழை வந்திருக்காது. எழுதியதில் அவரைப் பற்றிய தகவல்களை அவருக்கே வாசித்துக்காட்டிச் சரிபார்ப்பதில் தவறில்லை. அமைச்சருக்கோ அதிகாரிக்கோ வெளியீட்டுக்கு முன் கட்டுரையைக் காட்டுவது வேறு. அங்கே அதிகாரம் அவர் கையில் இருக்கிறது. இங்கே அதிகாரம் எழுதுகிறவர் கையில். பாதிக்கப்பட்டவர் சொல்வதையும் சரிபார்க்கத்தான் வேண்டும். அவர் மீதான சந்தேகமாக அதை நினைக்க வேண்டியதில்லை. நாளைக்கு எதிர்த்தரப்பு ஒரு சின்னப் பிழையைப் பிடித்துக்கொண்டு முழுக் கதையையும் பொய் என்று சொல்லாமல் இருக்க, அதுதான் பாதுகாப்பு.

திரும்பிப் போவது: படத்தின் பிரதி வந்து சேரவில்லை என்பதை ஃப்ளோரன்ஸ் தாம்சன் 42 ஆண்டுகள் மறக்கவில்லை. வெளியான கட்டுரையை, படத்தை அவர் கையில் சேர்ப்பது ஒரு போன் கால், ஒரு தபால் செலவு. அதனால் அவருக்கு என்ன ஆனது என்று விசாரிப்பது இன்னொரு போன் கால்.

இதையெல்லாம் கேட்டுக்கொண்டே இருந்தால் உணர்ச்சி வற்றிப்போய்விடாதா என்று ஒரு சந்தேகம் வரலாம். மனசு கேட்காமல் வண்டியைத் திருப்புகிறவர்கள் நமக்கு வேண்டும். திருப்பிய பிறகு பத்து நிமிடத்தை இருபது நிமிடமாக்கினால் போதும். நம் கைபேசிக்கு வரும் அழுகை வீடியோவுக்கும் இதே கணக்குதான். அனுப்புவதற்கு முன், இது யார், இவருக்கு என்ன நடந்தது, இதைப் பரப்ப இவர் சம்மதித்தாரா என்று மூன்று கேள்வி. பதில் தெரியவில்லை என்றால் விரலை எடுத்துவிடலாம்.

ஒவ்வோர் ஆண்டும் டிசம்பர் 25 அன்று கீழ்வெண்மணியில் மக்கள் கூடுகிறார்கள். நினைவிடத்தில் அஞ்சலி செலுத்துகிறார்கள். அங்கே கல்லில் 44 பெயர்கள் பொறிக்கப்பட்டிருக்கின்றன. அந்தக் கதையை இனிமேல் எழுத வருகிறவர்கள் முதலில் அந்தப் பெயர்களை ஒவ்வொன்றாகப் படித்துவிட்டுத் தொடங்கலாம்.